மார்செல் ஓஃபுல்ஸ்: பன்னிரண்டு ஆண்டுகள் காட்டப்படாத படமும் அதன் இயக்குநரும்

மார்செல் ஓஃபுல்ஸ் (1 நவம்பர் 1927 – 24 மே 2025) பிரெஞ்சுத் திரைப்பட, தொலைக்காட்சி இயக்குநர். ஜெர்மனியில் பிறந்தவர். பிரெஞ்சுக் குடியுரிமையும் அமெரிக்கக் குடியுரிமையும் பெற்றவர். இரண்டாம் உலகப் போரின்போது ஜெர்மானியர் பிடியில் இருந்த பிரான்சில் மக்கள் எப்படி நடந்துகொண்டார்கள் என்று கேட்ட 'துயரமும் இரக்கமும்' (1969) என்ற ஆவணப்படத்தால் உலகப் புகழ் அடைந்தார். தொலைக்காட்சிக்கென்றே எடுக்கப்பட்ட அந்தப் படத்தைப் பிரெஞ்சுத் தொலைக்காட்சி பன்னிரண்டு ஆண்டுகள் காட்டவில்லை. படத்தில் வெளிநாட்டார் யாரும் பிரான்சைத் திட்டவில்லை. பிரெஞ்சுக்காரர்களே தங்கள் வீட்டு அடுக்களையிலும் கடையிலும் உட்கார்ந்து பேசியிருந்தார்கள். அதுதான் சிக்கல்.

ஓஃபுல்ஸ் கடைசிவரை தன்னை ஆவணப்பட இயக்குநர் என்று சொல்லிக்கொள்ள விரும்பியதில்லை. பாட்டும் சிரிப்பும் நிறைந்த கதைப்படங்கள் எடுக்கவே ஆசைப்பட்டார். பிழைப்புக்காகத் தொலைக்காட்சிக்கு வந்த இடத்தில் வரலாறு அவரைப் பிடித்துக்கொண்டது.

குடும்பமும் ஓட்டமும்

பிராங்பர்ட் நகரில் பிறந்தார். தந்தை மாக்ஸ் ஓஃபுல்ஸ் நாடகத்திலிருந்து திரைப்படத்துக்கு வந்த புகழ்பெற்ற இயக்குநர். தாய் ஹில்டே வால் நாடக நடிகை. குடும்பத்தின் உண்மையான பெயர் ஓப்பன்ஹைமர். 'ஓஃபுல்ஸ்' தந்தை மேடைக்காக வைத்துக்கொண்ட பெயர். மாக்ஸ் யூதர். 1933இல் ஹிட்லர் ஆட்சிக்கு வந்ததும் குடும்பம் பாரிசுக்குப் புறப்பட்டது. மார்செலுக்கு அப்போது ஐந்து வயது. 1938இல் குடும்பத்துக்குப் பிரெஞ்சுக் குடியுரிமை கிடைத்தது.

அந்த நிம்மதி இரண்டு ஆண்டுகள்கூட நீடிக்கவில்லை. 1940 மே மாதம் ஜெர்மனி பிரான்சைத் தாக்கியது. ஜூன் 14 அன்று பாரிஸ் விழுந்தது. நாஜிகளுக்கு எதிரான வானொலி நிகழ்ச்சிகளில் பங்கேற்றிருந்த மாக்ஸ் பிடிபட்டிருந்தால் தப்பியிருக்க முடியாது. குடும்பம் தெற்கே ஓடி மறைந்து வாழ்ந்தது. பிறகு பிரனீஸ் மலைத்தொடரைக் கடந்து ஸ்பெயினுக்குள் நுழைந்தது. 1941 டிசம்பரில் அமெரிக்கா போய்ச் சேர்ந்தது. பதினான்கு வயதுக்குள் இரண்டு நாடுகளை விட்டு ஓடிய சிறுவன், பின்னாளில் கேமராவுக்கு முன் பிறரை உட்கார வைத்து 'அப்போது நீங்கள் எங்கே இருந்தீர்கள்?' என்று கேட்டதில் வியப்பில்லை.

ஹாலிவுட் உயர்நிலைப் பள்ளியில் படித்தார். 1946இல் அமெரிக்கப் படையில் சேர்க்கப்பட்டு, ஜப்பானில் படைவீரர்களுக்கான நாடகப் பிரிவில் பணியாற்றினார். பின்னர் ஆக்சிடென்டல் கல்லூரியிலும் பெர்க்லி பல்கலைக்கழகத்திலும் பயின்றார். 1950இல் அமெரிக்கக் குடியுரிமை பெற்றார். அதே ஆண்டு பிரான்சுக்குத் திரும்பினார்.

தந்தையின் தொழிலில்

பாரிசில் துணை இயக்குநராகத் தொடங்கினார். ஜான் ஹூஸ்டன் இயக்கிய 'மூலான் ரூஜ்' (1952), தந்தையின் கடைசிப் படமான 'லோலா மோந்தெஸ்' (1955) ஆகியவற்றில் வேலை செய்தார். மாக்ஸ் 1957இல் இறந்தார். பெரிய மனிதரின் மகனாக அதே தொழிலில் இருப்பது எளிதல்ல. தந்தையே மேதை, தான் அவர் பிள்ளை மட்டுமே என்று மார்செல் பிற்காலத்திலும் சொல்வதுண்டு. தன் தன்வரலாற்று நூலுக்கு 'அப்பா பிள்ளையின் நினைவுகள்' என்று பொருள்படும் பெயரையே வைத்தார்.

சில ஆண்டுகள் ஜெர்மனியில் பாடன்-பாடன் நகர ஒலிபரப்பு நிலையத்தில் பணியாற்றினார். ஓவியர் மத்தீஸ் பற்றி ஒரு குறும்படம் எடுத்தார். பிரான்சுவா த்ரூஃபோவின் நட்பால் 'இருபது வயதில் காதல்' (1962) என்ற பல இயக்குநர் படத்தில் ஜெர்மன் பகுதியை இயக்கும் வாய்ப்பு கிடைத்தது. அடுத்து ழான் மொரோ, ழான்-போல் பெல்மோந்தோ நடித்த 'வாழைப்பழத் தோல்' (1963) என்ற நகைச்சுவைப் படம் வசூலில் வென்றது. அதற்கடுத்த படம் தோற்றது. திரையுலகின் கதவு சாத்திக்கொண்டது. குடும்பம் இருந்தது, வருமானம் இல்லை. தொலைக்காட்சிக்குப் போனார்.

அரசின் தொலைக்காட்சி

அன்றைய பிரெஞ்சுத் தொலைக்காட்சியை இன்றைய கண்ணால் பார்க்கக்கூடாது. தனியார் அலைவரிசை எதுவும் கிடையாது. வானொலியும் தொலைக்காட்சியும் 'ஓஆர்டிஎஃப்' என்ற அரசு நிறுவனத்தின் கீழ் இருந்தன. எந்தச் செய்தி போகலாம், எது போகக்கூடாது என்பதில் அரசின் கை நேரடியாக இருந்தது. ஆனாலும் அந்த நிறுவனத்துக்குள் துணிச்சலான இளைஞர்கள் இருந்தார்கள். ஆந்த்ரே ஹாரிஸ், அலேன் த செதூயி ஆகிய இருவரும் 'சூம்' என்ற செய்தி இதழ் நிகழ்ச்சியை நடத்திவந்தனர். ஓஃபுல்ஸ் அவர்களோடு சேர்ந்தார்.

1938இல் பிரிட்டனும் பிரான்சும் செக்கோஸ்லோவாக்கியாவின் ஒரு பகுதியை ஹிட்லருக்கு விட்டுக்கொடுத்த முனிச் உடன்படிக்கை பற்றி 1967இல் ஒரு நீண்ட படம் எடுத்தார். ஒளிபரப்பாகி நல்ல பெயர் பெற்றது. அதன் தொடர்ச்சியாக ஆக்கிரமிப்புக் காலத்தைப் பற்றி எடுப்பதாகத் திட்டம். அதற்குள் 1968 மே மாதக் கிளர்ச்சி வந்தது. மாணவர்களும் தொழிலாளர்களும் தெருவில் இறங்கியபோது தொலைக்காட்சி ஊழியர்களும் வேலைநிறுத்தம் செய்தார்கள். அது முடிந்ததும் பலர் வெளியேற்றப்பட்டனர். ஹாரிஸ், செதூயி, ஓஃபுல்ஸ் மூவரும் ஓஆர்டிஎஃப்புக்கு வெளியே நின்றார்கள்.

திட்டத்தை அவர்கள் கைவிடவில்லை. ஹாம்பர்கிலுள்ள ஜெர்மன் தொலைக்காட்சி நிலையமும் சுவிட்சர்லாந்துத் தொலைக்காட்சியும் பணம் போட்டன. பிரான்சின் போர்க்கால வரலாறு ஜெர்மன், சுவிஸ் பணத்தில் படமானது.

விஷி: சிறு பின்னணி

1940 ஜூன் 22 அன்று பிரான்ஸ் ஜெர்மனியுடன் போர் நிறுத்த ஒப்பந்தம் செய்தது. நாட்டின் வடபகுதியும் அட்லாண்டிக் கரையும் ஜெர்மானியர் வசம் போயின. தெற்கில், வெந்நீர் ஊற்றுகளுக்குப் பெயர்போன விஷி என்ற சிற்றூரில், முதல் உலகப் போர் வீரரான 84 வயது மார்ஷல் பெத்தான் தலைமையில் ஓர் அரசு அமைந்தது. ஜூலை 10 அன்று நாடாளுமன்ற உறுப்பினர்கள் 569 பேர் ஆதரவாகவும் 80 பேர் எதிராகவும் வாக்களித்து முழு அதிகாரத்தையும் பெத்தானிடம் கொடுத்தார்கள். லண்டனிலிருந்து ஜெனரல் டி கோல் போராட அழைத்தபோது அவர் பின்னால் நின்றவர்கள் மிகச் சிலர்.

விஷி அரசு ஜெர்மானியர் கேட்பதற்கு முன்பே, 1940 அக்டோபரில், யூதர்களை அரசுப் பணியிலிருந்தும் ஆசிரியர் பணியிலிருந்தும் விலக்கும் சட்டம் இயற்றியது. 1942 ஜூலை 16, 17 தேதிகளில் பாரிசில் ஏறத்தாழ 13,000 யூதர்களை வளைத்துப் பிடித்தது பிரெஞ்சுக் காவல்துறை. அவர்களில் நான்காயிரத்துக்கும் மேற்பட்டோர் குழந்தைகள். போர் முடிவதற்குள் பிரான்சிலிருந்து ஏறத்தாழ 75,000 யூதர்கள் வதைமுகாம்களுக்கு அனுப்பப்பட்டனர்.

விடுதலைக்குப் பின் வேறொரு கதை நிலைபெற்றது. பிரான்ஸ் முழுவதும் எதிர்த்து நின்றது. ஒரு சில துரோகிகள்தாம் ஜெர்மானியருடன் கைகோத்தார்கள் என்பது அந்தக் கதை. பிளவுபட்ட நாட்டை ஒட்டவைக்க டி கோலுக்கும் அது தேவைப்பட்டது. கம்யூனிஸ்ட் கட்சிக்கும் தேவைப்பட்டது. பாடநூல்கள் அதையே சொல்லின.

ஒரு நகரம், நான்கு மணிநேரம்

ஓஃபுல்ஸ் பாரிசைத் தேர்ந்தெடுக்கவில்லை. நாட்டின் நடுவே ஓவெர்ஞ் மலைப்பகுதியிலுள்ள கிளெர்மோன்-ஃபெரான் என்ற தொழில் நகரத்தை எடுத்துக்கொண்டார். விஷி பக்கத்தில். சுற்றிலும் காடும் மலையும். எதிர்ப்பு இயக்கத்தின் கொரில்லாக் குழுக்கள் அங்கே மறைந்திருந்தன. 1942 நவம்பர் வரை ஜெர்மன் படை அங்கே நிலைகொள்ளவில்லை. ஆக, முதல் இரண்டு ஆண்டுகளில் அங்கு நடந்ததற்கெல்லாம் பிரெஞ்சுக்காரர்களே பொறுப்பு. நகரத் தேர்விலேயே பாதி வாதம் முடிந்துவிடுகிறது.

படம் 'வீழ்ச்சி', 'தேர்வு' என்று இரண்டு பாகம். மொத்தம் நான்கு மணிநேரத்துக்கும் மேல். விளக்கவுரை மிகக் குறைவு. ஒருவர் பேசுவார், அடுத்து பழைய செய்திப்படம் ஒன்று வரும், அடுத்தவர் முன்னவர் சொன்னதை மறுப்பது போல வேறொன்றைச் சொல்வார். யார் சொல்வது மெய் என்பதைப் பார்ப்பவர்தான் முடிவுசெய்ய வேண்டும்.

பேசியவர்களில் பெரிய மனிதர்கள் உண்டு. பியேர் மெந்தெஸ் பிரான்ஸ் ஒருவர். அவர் யூதர்; நாடாளுமன்ற உறுப்பினர்; விமானப்படை அதிகாரி. படையை விட்டு ஓடியதாகப் பொய்க் குற்றம் சுமத்தி கிளெர்மோன்-ஃபெரானில் அவரைச் சிறையில் அடைத்தது விஷி அரசு. 1941இல் அவர் மதில் ஏறித் தப்பிய இரவில், கீழே மரத்தடியில் ஒரு காதல் ஜோடி. அந்த இளைஞன் பெண்ணிடம் கெஞ்சிக்கொண்டிருந்தான். அவள் எளிதில் இசையவில்லை. மதில்மேல் காத்திருந்தவருக்கு ஒவ்வொரு நிமிடமும் யுகமாகக் கழிந்தது. ஒருவழியாக அவள் சம்மதித்தாள், இருவரும் போனார்கள், இவர் குதித்தார். அவர் இதைச் சிரித்துக்கொண்டே சொல்கிறார். (இவரே பின்னர் பிரான்சின் பிரதமரானார். 1954 நவம்பர் 1 அன்று புதுச்சேரியின் நிர்வாகம் இந்தியாவின் கைக்கு வந்தது இவருடைய ஆட்சியில்தான்.)

ஆனால் படம் நினைவில் நிற்பது சாதாரண மனிதர்களால். ஒரு கடைக்காரர், அவருடைய குடும்பப் பெயர் யூதப் பெயரைப் போல ஒலிக்கும். தான் யூதர் அல்ல என்று அன்று உள்ளூர் நாளிதழில் விளம்பரம் கொடுத்தவர். கடைக்கே போய் அதைப் பற்றிக் கேட்கிறார் ஓஃபுல்ஸ். குரலை உயர்த்தவில்லை, குற்றம் சாட்டவில்லை. விளம்பரம் கொடுத்தீர்களாமே என்றுதான் கேட்கிறார். அவர் முதல் உலகப் போரில் குடும்பம் செய்த சேவையைப் பற்றிப் பேசத் தொடங்குகிறார். பேசப் பேச இன்னும் ஆழமாக மாட்டிக்கொள்கிறார்.

உள்ளூர்ப் பள்ளியின் ஆசிரியர்கள் இருவரும் வருகிறார்கள். யூத ஆசிரியர்கள் வேலையிலிருந்து நீக்கப்பட்டபோது சக ஆசிரியர்கள் எல்லாரும் சேர்ந்து பதவி விலக எண்ணவில்லையா என்ற கேள்வி அவர்களுக்கு விந்தையாக இருக்கிறது. ஆசிரியர்களை நீங்கள் அறியமாட்டீர்கள் என்பது போல ஒரு பதில் வருகிறது. துப்பாக்கியோ இரத்தமோ இல்லாத இந்தக் காட்சிதான் படத்திலேயே கனமானது என்று சொல்லலாம். அவர்கள் கொடியவர்கள் அல்லர். நாளைக்கும் வகுப்பு எடுக்க வேண்டும் என்று நினைத்தவர்கள்.

முன்னாள் ஜெர்மன் அதிகாரி ஒருவர் தம் வீட்டுத் திருமண விருந்தில், சுருட்டும் கையுமாக, மார்பில் பதக்கங்களுடன் பேசுகிறார். வயலில் உருளைக்கிழங்கு தோண்டிக்கொண்டிருந்தவர்கள் திடீரெனத் துப்பாக்கி எடுத்துத் தம் வீரர்களைச் சுட்டது போர் முறையா என்று குறைப்படுகிறார். கிறிஸ்தியான் த லா மசியேர் என்ற மேட்டுக்குடிப் பிரெஞ்சுக்காரர், ஜெர்மன் எஸ்எஸ் படையின் சீருடை அணிந்து ரஷ்ய முனையில் போரிட்டதை ஒளிக்காமல் சொல்கிறார். படத்தில் மிகத் தெளிவாகவும் நயமாகவும் பேசுபவர்களில் அவரும் ஒருவர் என்பது பார்ப்பவரைச் சங்கடப்படுத்தும்.

எதிர்ப்பக்கத்தில் கிராவ் சகோதரர்கள். உழவர்கள். அடுக்களை மேசையில் ஒயின் புட்டியுடன் உட்கார்ந்திருக்கிறார்கள். எதிர்ப்பு இயக்கத்தில் இருந்தவர்கள். லூயி கிராவ் காட்டிக்கொடுக்கப்பட்டு புக்கன்வால்ட் வதைமுகாமுக்குப் போய் உயிரோடு திரும்பியவர். காட்டிக்கொடுத்தது யார் என்று தெரியுமா? தெரியும். பழி வாங்கினீர்களா? இல்லை; வாங்கி என்ன ஆகப்போகிறது? வீரவசனம் ஒன்றும் இல்லை. டெனிஸ் ரேக் என்ற பிரிட்டிஷ் உளவாளி, மேடைப் பாடகராக வேடமிட்டு வேலை பார்த்தவர். பணக்காரர்களைவிடத் தொழிலாளிகளே தயங்காமல் சோறு போட்டு இடம் கொடுத்தார்கள் என்கிறார்.

ஊரில் அன்று மேலோங்கி நின்ற உணர்ச்சி எது என்ற கேள்விக்கு மருந்துக்கடைக்காரர் ஒருவர் சொன்ன இரண்டு சொற்கள்தாம் படத்தின் தலைப்பு.

பிரிட்டனின் முன்னாள் பிரதமர் ஆந்தனி ஈடன் பிரெஞ்சு மொழியிலேயே பேசுகிறார். அந்நிய ஆக்கிரமிப்பின் கொடுமையை அனுபவிக்காத நாட்டார், அனுபவித்த நாட்டாரைப் பற்றித் தீர்ப்புச் சொல்லத் தகுதியில்லை என்பது அவர் கருத்து. அதைப் படத்திலேயே வைத்த ஓஃபுல்ஸ், தன்னை நீதிபதியாக எண்ணவில்லை என்பது தெளிவு. முடிவில் பாடகர் மோரிஸ் ஷெவாலியே தோன்றி, தான் ஜெர்மனியில் பாடியது பிரெஞ்சுப் போர்க்கைதிகளுக்காக மட்டும்தான் என்று ஆங்கிலத்தில் சமாதானம் சொல்கிறார். பின்னணியில் அவருடைய உற்சாகமான பாட்டு. நகைச்சுவைப் படம் எடுக்க ஏங்கிய இயக்குநரின் கை அங்கே தெரிகிறது.

காட்டப்படாத ஆண்டுகள்

1969இல் ஜெர்மன் தொலைக்காட்சியில் படம் ஒளிபரப்பானது. ஓஆர்டிஎஃப் வாங்கவில்லை. தடை ஆணை என்று எதுவும் பிறக்கவில்லை. வாங்காமல் இருந்தார்கள், அவ்வளவுதான். காகிதத்தில் கையெழுத்து இல்லாத தடையை எதிர்த்து வழக்குப் போடவும் முடியாது. செயலற்று இருப்பதாலேயே செய்யப்படும் தணிக்கை என்று ஓஃபுல்ஸ் இதைக் குறித்தார்.

1971 ஏப்ரலில் பாரிசின் மாணவர் பகுதியிலுள்ள சேன்-செவெரேன் என்ற சிறு திரையரங்கில் படம் வெளியானது. தொலைக்காட்சிக்கு எடுத்த நான்கு மணிநேரக் கறுப்பு வெள்ளைப் படம். பேசிக்கொண்டே இருக்கும் மனிதர்கள். ஒரு வாரம் ஓடினால் பெரிது என்று நினைத்திருப்பார்கள். இளைஞர்கள் வரிசையில் நின்றார்கள். வேறு அரங்குகளுக்கும் பரவி 87 வாரங்கள் ஓடியது. ஏறத்தாழ 6 லட்சம் பேர் பார்த்தார்கள். ஆஸ்கர் விருதுக்கும் பரிந்துரைக்கப்பட்டது. வுடி ஆலனின் 'ஆனி ஹால்' (1977) படத்தில் கதாநாயகன் காதலியை அழைத்துக்கொண்டு இந்தப் படத்துக்குப் போவதாக ஒரு காட்சியே உண்டு.

எதிர்ப்பு பழைய விஷி ஆதரவாளர்களிடமிருந்து மட்டும் வரவில்லை. ஆஷ்விட்ஸ் வதைமுகாமிலிருந்து உயிர் பிழைத்தவரும், அப்போது ஓஆர்டிஎஃப் நிர்வாகக் குழுவில் இருந்தவரும், பின்னாளில் அமைச்சரானவருமான சிமோன் வெய்ல், படத்தை வாங்கக்கூடாது என்று சொன்னவர்களில் முக்கியமானவர். யூதக் குழந்தைகளைத் தங்கள் உயிரைப் பணயம் வைத்து ஒளித்துக் காத்த ஆயிரக்கணக்கான பிரெஞ்சுக் குடும்பங்களுக்கு இந்தப் படம் அநீதி செய்கிறது என்பது அவர் வாதம். எளிதில் தள்ளிவிட முடியாத வாதம் இது. பிரான்சிலிருந்த யூதர்களில் பெரும்பாலோர் உயிர் பிழைத்தது அண்டை அயலாரின் உதவியாலும்தான். படத்தில் பெண்களின் குரல் மிகக் குறைவு என்பதும் உண்மையான குறை. எதிர்ப்பு இயக்கத்தின் தபால் சுமந்தவர்கள், ஆட்களை ஒளித்து வைத்தவர்கள் பலரும் பெண்கள். படத்தைப் பார்த்த இளைஞர் சிலர், எல்லாரும் வீரர்கள் என்ற பழைய கதையை விட்டு எல்லாரும் கோழைகள் என்ற புதிய கதைக்குத் தாவினார்கள். படம் அப்படிச் சொல்லவில்லை. கிராவ் சகோதரர்களைப் பார்த்தவர் அப்படிச் சொல்ல முடியாது.

1972இல் அமெரிக்க வரலாற்றாசிரியர் ராபர்ட் பாக்ஸ்டன், ஜெர்மன் ஆவணங்களைக் கொண்டு விஷி அரசு தானாக முன்வந்து ஒத்துழைத்ததை நிறுவும் நூலை வெளியிட்டார். மறு ஆண்டு அது பிரெஞ்சிலும் வந்தது. படமும் நூலும் சேர்ந்து பாடநூல் கதையை உடைத்தன. ஆனாலும் தொலைக்காட்சி அசையவில்லை. பொம்பிதூ போனார், ஜிஸ்கார் வந்தார். ஓஆர்டிஎஃப்பே 1974 முடிவில் கலைக்கப்பட்டது. 1981இல் மித்தரான் குடியரசுத் தலைவரான பின்னர்தான், அக்டோபர் 28, 29 இரவுகளில், மூன்றாம் அலைவரிசையில் படம் ஒளிபரப்பானது. ஏறத்தாழ ஒன்றரைக் கோடிப் பேர் பார்த்தார்கள். பேட்டி கொடுத்த பலரை அதற்குள் மூப்பு கொண்டுபோயிருந்தது.

யூதர்களைப் பிடித்துக் கொடுத்ததில் பிரெஞ்சு அரசுக்குப் பொறுப்பு உண்டு என்று ஒரு குடியரசுத் தலைவர் வெளிப்படையாக ஒப்புக்கொள்ள 1995 ஜூலை வரை ஆயிற்று. ஒப்புக்கொண்டவர் ஜாக் ஷிராக்.

நியூரம்பெர்க் முதல் வியட்நாம் வரை

புகழ் வந்தது, வேலை எளிதாகவில்லை. வட அயர்லாந்துக் கலவரங்களைப் பற்றி எடுத்த படத்தை (1972) பிபிசி ஒளிபரப்ப மறுத்தது. அடுத்து 'நீதியின் நினைவு' (1976). நாஜித் தலைவர்களை விசாரித்த நியூரம்பெர்க் நீதிமன்றத்தின் அளவுகோலை அல்ஜீரியாவில் பிரான்சுக்கும் வியட்நாமில் அமெரிக்காவுக்கும் வைத்துப் பார்த்தால் என்ன ஆகும் என்பது கேள்வி. ஹிட்லரின் அமைச்சர் ஆல்பர்ட் ஷ்பேர், நியூரம்பெர்க்கில் வழக்கு நடத்திய டெல்ஃபோர்டு டெய்லர் இருவரும் பேசுகிறார்கள். ஓஃபுல்ஸ் தன் மனைவியையும் விட்டுவைக்கவில்லை. ஜெர்மனியில் வளர்ந்து சிறுமியாக ஹிட்லர் இளைஞர் அமைப்பில் இருந்த ரெஜினையும் தம் மகள்களையும் கேமரா முன் உட்கார வைத்தார்.

நான்கரை மணிநேரத்துக்கும் மேல் ஓடும் இப்படத்தின் வெட்டும் ஒட்டும் தொடர்பாகத் தயாரிப்பாளர்களோடு மோதல் வந்தது. படம் அவர் கையிலிருந்து பிடுங்கப்பட்டது. அவருடைய வடிவத்தின் பிரதி ஒன்று அமெரிக்காவுக்குப் போய்ச் சேர்ந்ததால்தான் படம் பிழைத்தது. சண்டையில் அவர் களைத்துப்போனார். சில ஆண்டுகள் அமெரிக்கத் தொலைக்காட்சி நிறுவனங்களில் வேலை பார்த்துக் காலம் தள்ளினார்.

ஓட்டல் தெர்மினுஸ்

லியோன் நகரக் கெஸ்டபோ தலைவன் கிளவுஸ் பார்பி. 1944 ஏப்ரலில் இசியோ என்ற கிராமத்து விடுதியிலிருந்த 44 யூதக் குழந்தைகளை வதைமுகாமுக்கு அனுப்பியவன். போருக்குப் பிறகு அமெரிக்க இராணுவ உளவுத்துறையே அவனை வேலைக்கு வைத்து, 1951இல் பொலிவியாவுக்குத் தப்ப வைத்தது. 1983இல் பிரான்சுக்குக் கொண்டுவரப்பட்டு, 1987இல் லியோனில் ஆயுள் தண்டனை பெற்றான். இவனைத் தேடி மூன்று கண்டங்களுக்குப் போய் எடுத்த 'ஓட்டல் தெர்மினுஸ்' 1988இல் கான் விழாவில் விமர்சகர் பரிசும், அடுத்த ஆண்டு சிறந்த ஆவணப்படத்துக்கான ஆஸ்கரும் பெற்றது. லியோனில் கெஸ்டபோ அலுவலகமாக இயங்கிய விடுதியின் பெயரே தலைப்பு.

இதில் ஓஃபுல்ஸ் பழைய பொறுமைசாலி அல்லர். எரிச்சல்படுகிறார், கேலி செய்கிறார். பேட்டி தர மறுத்த பழைய நாஜி ஒருவரை அவர் வீட்டுக் காய்கறித் தோட்டத்தில், செடிகளுக்கு அடியில் குனிந்து பெயர் சொல்லிக் கூப்பிட்டுத் தேடுகிறார். இவ்வளவு பெரிய துயரத்துக்கு நடுவே இந்தக் கோமாளித்தனம் தேவையா என்று கேட்டவர்கள் உண்டு. பொய்யை நூறு முறை கேட்ட மனிதனுக்குச் சிரிப்பதைத் தவிர வேறு வழி இருந்திருக்காது.

முடிவுக் காட்சியில் சிரிப்பு இல்லை. பார்பியால் வதைக்கப்பட்டு, ஆஷ்விட்ஸ் போய்த் திரும்பிய சிமோன் லக்ராஞ், சிறுமியாக வாழ்ந்த அடுக்குமாடி வீட்டுக்கு ஓஃபுல்சுடன் வருகிறார். கெஸ்டபோ தன் குடும்பத்தைப் படிக்கட்டில் இழுத்துப்போன நாளை நினைவுகூர்கிறார். கதவுகள் மூடியே இருந்தன. ஒரே ஒரு பெண்மணி மட்டும் கதவைத் திறந்து, சிறுமியை உள்ளே இழுத்துக்கொள்ளப் பார்த்தார், முடியவில்லை. அவர் பெயர் பொந்தூ. ஏறத்தாழ நான்கரை மணிநேரப் படத்தை அந்த நல்ல அண்டை வீட்டுக்காரிக்கே காணிக்கையாக்கியிருக்கிறார் இயக்குநர். சிமோன் வெய்ல் எழுப்பிய குறைக்குப் பல ஆண்டுகள் கழித்துச் சொன்ன பதிலாகவும் இதைக் கொள்ளலாம்.

கடைசிக் காலம்

பெர்லின் சுவர் விழுந்ததை ஒட்டி பிபிசிக்காக 'நவம்பர் நாட்கள்' (1990) எடுத்தார். போஸ்னியப் போரின்போது முற்றுகையிலிருந்த சரயேவோவுக்குப் போய், அங்கிருந்த போர்ச் செய்தியாளர்களைப் பற்றி 'வெய்யே தார்ம்' (1994) எடுத்தார். செய்தியாளர்கள் காட்டுவது உண்மையா, அதைப் பார்க்கும் வீடுகளுக்கு அக்கறை உண்டா என்பது அதன் கேள்வி. படம் ஓடவில்லை. பிரனீஸ் மலையடிவாரத்தில், சிறுவனாக ஓடிக் கடந்த அதே மலைகளுக்குப் பக்கத்தில், வீட்டோடு இருந்துவிட்டார்.

ஏறத்தாழ இருபது ஆண்டு மௌனத்துக்குப் பின், 85 வயதில், தன் வாழ்க்கையையே பொருளாக்கி 'ஒரு பயணி' (2013) என்ற படத்துடன் கான் விழாவுக்கு வந்தார். அதில் தந்தையைப் பற்றிப் பேசுகிறார், பழைய நண்பர்களைத் தேடிப் போகிறார், தானே பாடவும் செய்கிறார். 2015இல் பெர்லின் திரைப்பட விழா அவரைச் சிறப்பித்தது. புதுப்பிக்கப்பட்ட 'நீதியின் நினைவு' அங்கே மீண்டும் திரையேறியது.

அப்போதும் கையில் ஒரு படம் இருந்தது. இஸ்ரேலிய இயக்குநர் எயால் சிவானுடன் சேர்ந்து இஸ்ரேலிலும் பாலஸ்தீனப் பகுதிகளிலும் எடுக்கத் தொடங்கியிருந்தார். 'விரும்பத்தகாத உண்மைகள்' என்பது தலைப்பு. 2025 மே 24 அன்று 97 வயதில் அவர் இறந்தபோது அந்தப் படம் முடியவில்லை.